தரைக்கு மேலே ஒரு சாண்

புதுச்சத்திரம்
12 பிப்ரவரி 2023

அம்மிணி,

நீ போனை எடுப்பதில்லை. உன் அண்ணி சாரதாமணி கூப்பிட்டால் பேசுகிறாய். பக்கத்தில் என் குரல் கேட்டால் வைத்துவிடுகிறாய். சரி, எழுதுகிறேன். நம் பட்டறையில் பாடி கட்டிய லாரி ஒன்று ஓசூருக்கு லோடு எடுத்துப் போகிறது. டிரைவரிடம் ஒரு பெட்டி கொடுத்திருக்கிறேன். உள்ளே இருப்பது விசிறியைச் சுற்றி நீ வரைந்து வைத்த வளையத்தின் வளைந்துபோன இடப்பக்கத் துண்டு. பெட்டியைப் பிரிக்காமல் இருக்க உன்னால் முடியாது. அதோடு இதையும் படித்துவிடுவாய்.

பொங்கல் கழிந்த ஞாயிற்றுக்கிழமை வற்றிக் கிடந்த ஏரிக்குள் அத்தனை ஆட்கள் முன்னால் நான் அப்படிப் பேசியிருக்கக் கூடாது. "படம் போட்டவ இதைச் சொமந்துட்டு ஓடிப் பாத்திருந்தாத் தெரியும்" என்று வாயில் வந்துவிட்டது. நீ சாப்பிடாமல் பஸ் ஏறினாய் என்று உன் அண்ணி எனக்குச் சோறு போடும்போதெல்லாம் சொல்லிக் காட்டுகிறாள்.

ஆனால் பாரம் அதிகம் என்பது உண்மை. இருபத்திரண்டு கிலோ இன்ஜினையும் விசிறியையும் முதுகில் மாட்டிக்கொண்டு, துணி இறக்கையைத் தலைக்கு மேல் தூக்கி நிறுத்தி, காற்றுக்கு எதிரே ஓட வேண்டும். மேலே போய்விட்டால் இறக்கை எல்லாவற்றையும் தூக்கிக்கொள்ளும். ஓடுகிற வரைக்கும்தான் அது என் பாரம். அந்த ஓட்டத்தில்தான் விழுந்தேன்.

முன்பு விலைக்கு வாங்கிய பழைய மிஷின் முப்பத்தொரு கிலோ, அதோடு ஓடினீர்களே என்று கேட்பாய். ஓடினேன். இப்போது முடியவில்லை. பதினெட்டு கிலோவுக்குக் கொண்டுவரப் பார். நீ வரைந்து அனுப்பினால் நம் பட்டறைச் செல்லமுத்து குழாய் வெட்டி வெல்டு வைத்துவிடுவான்.

கோபம் இருந்தால் இருக்கட்டும். படம் மட்டும் அனுப்பு.

தனபால்


ஓசூர்
26 பிப்ரவரி 2023

அண்ணாவுக்கு,

பெட்டி வந்தது. கடிதத்தைக் கடைசியாகத்தான் படித்தேன். முதலில் துண்டை அளந்தேன்.

வெல்டு விடவில்லை. குழாய் கிழியவில்லை. வளைய வேண்டிய இடத்தில் வளைந்து, உங்கள் கையை விசிறிக்குள் போகவிடாமல் தடுத்திருக்கிறது. அதைத்தான் செய்யச் சொல்லி வரைந்தேன். "படம் போட்டவ" தப்பாகப் போடவில்லை. இதை அன்றைக்கே எல்லார் முன்னாலும் சொல்லியிருக்க வேண்டும். எனக்கு அப்போது அழுகைதான் வந்தது.

ஒன்று மட்டும் புரியவில்லை. அடி முழுக்க இடப்பக்கம். நேராக ஓடுகிறவர் முன்னால் குப்புற விழுவார், பக்கவாட்டில் விழ மாட்டார். கல் ஏதாவது தடுக்கியதா?

சட்டத்துக்கு அலுமினியம் வேண்டாம். நான் வேலை செய்யும் கம்பெனிக்குக் குழாய் தருகிறவரிடம் மெல்லிய டைட்டானியம் குழாய் கேட்டிருக்கிறேன். செல்லமுத்து அண்ணனுக்கு அதில் வெல்டு வைக்கக் கை பழக வேண்டும், கொஞ்சம் பொறுமையாகச் செய்யச் சொல்லுங்கள். தொங்கும் சீட்டில் இருந்த பலகையை எடுத்துவிட்டேன், துணியே போதும். கணக்குப்படி பத்தொன்பது வருகிறது. அதற்குக் கீழே இந்த இன்ஜினை வைத்துக்கொண்டு போக முடியாது.

நான் இன்னும் கோபமாகத்தான் இருக்கிறேன். ஆனால் வரையாமல் இருக்க முடியவில்லை.

மதுமதி


புதுச்சத்திரம்
10 ஏப்ரல் 2023

அம்மிணி,

பறந்துவிட்டேன். நேற்றுக் காலை. உனக்குத்தான் முதலில் எழுதுகிறேன்.

பத்தொன்பதரை வந்தது, வெல்டு கொஞ்சம் தடித்துவிட்டதாம். செல்லமுத்துவும் இன்னொருவனும் இரண்டு பக்கமும் என் இடுப்புப் பட்டையைப் பிடித்துக்கொண்டு கூடவே ஓடினார்கள். இறக்கை நின்றது. கால் தரையை விட்டபோது எனக்கே தெரியவில்லை. இன்னும் ஓடிக்கொண்டிருப்பதாக நினைத்து ஆகாயத்தில் காலை உதறிக்கொண்டிருந்தேன். கீழே அவன்கள் சிரித்தது கேட்டது.

ஏரிக்கு வடக்கே மரவள்ளிக் காடெல்லாம் நனைந்து கிடந்தது. நெடுஞ்சாலையில் முட்டை லாரிகள் நாமக்கல் பக்கமிருந்து வரிசையாக ஏறிக்கொண்டிருந்தன. நாம் பாடி கட்டிய வண்டியை மேலே இருந்து கண்டுபிடித்தேன், கூரை மேல் பச்சை அடித்திருந்தோமே அது. கொல்லிமலை முழுசாகத் தெரிந்தது. கீழே இருக்கும்போது என் உடம்பு எனக்கு ஒரு வேலையாக இருக்கிறது அம்மிணி. மேலே அந்த வேலை இல்லை.

இறங்கும்போது உட்கார்ந்து இறங்கினேன். பின்பக்கம் கொஞ்சம் சிராய்ப்பு.

மத்தியானம் கோழிப்பண்ணைக்காரர் பச்சமுத்து வந்துவிட்டார். காப்பி குடித்துவிட்டு மெதுவாகச் சொன்னார். "ஏனுங் தனபாலு, உங்க கழுகைக் கொஞ்சம் ரோட்டுக்கு அந்தப் பக்கமா ஓட்டிக்கங்க. நெழலு உழுந்தவுடனே கோழியெல்லாம் மூலைல போயி ஒண்ணு மேல ஒண்ணு அடையுதுங்க." சரியென்று சொல்லிவிட்டேன். அவர் மேல் தப்பில்லை.

இப்போது அடுத்தது. பதினைந்து கிலோ வேண்டும். சீக்கிரம் வேண்டும்.

தனபால்


ஓசூர்
23 ஏப்ரல் 2023

அண்ணாவுக்கு,

உங்கள் கடிதத்தை ஆபீஸில் இரண்டு பேருக்குப் படித்துக் காட்டினேன். ஆகாயத்தில் ஓடினீர்கள் என்ற இடத்தில் நானும் சிரித்தேன். கோபம் போய்விட்டது என்று எழுதிக் கொடுக்க வேண்டுமா? போய்விட்டது.

அதனால்தான் மூன்று நாளாகக் கூப்பிடுகிறேன். இப்போது நீங்கள் எடுப்பதில்லை. பழிக்குப் பழியா?

பதினைந்து எதற்கு என்று புரியவில்லை. பத்தொன்பது கிலோ மிஷினே நம் பக்கத்தில் யாரிடமும் இல்லை. யாராவது இளைத்த ஆள் விலை கேட்கிறாரா? அப்படியென்றால் சொல்லுங்கள், அவர் உடம்புக்கு வரைகிறேன். குறைக்க வேண்டுமென்றால் இன்ஜினைத்தான் மாற்ற வேண்டும். பாதி அளவில் ஒன்று இருக்கிறது, ஆனால் தள்ளுகிற பலமும் குறையும். எடை குறைந்த ஆளைத்தான் அது தூக்கும். உங்கள் எடை எழுபத்திரண்டு என்று வைத்துப் பார்த்தேன், ஏறும், ஆனால் திணறும். ஒருமுறை நிறுத்துச் சொல்லுங்கள்.

வளையத்தை மெலிதாக்கச் சொல்லிச் செல்லமுத்து அண்ணன் கேட்டதாக அண்ணி சொன்னார்கள். அது மட்டும் மாட்டேன். அந்த வளையம் உங்கள் கைக்கும் விசிறிக்கும் நடுவில் இருக்கிற ஒரே பொருள்.

மதுமதி


புதுச்சத்திரம்
4 ஜூன் 2023

அம்மிணி,

நிறுத்துப் பார்த்தேன். அறுபத்து மூன்று. அந்தச் சின்ன இன்ஜின் போதும்.

போன் எடுக்கவில்லை என்று கோபிக்காதே. பட்டறையில் சத்தம், காது கேட்பதில்லை. எழுதுவது நன்றாக இருக்கிறது. நிதானமாகச் சொல்ல முடிகிறது.

இன்னொன்று. கயிற்றை இழுத்து ஸ்டார்ட் செய்வது வேண்டாம். பட்டன் வைத்துவிடு. ஸ்கூட்டரில் இருக்கிற மாதிரி.

தனபால்


ஓசூர்
11 ஜூன் 2023

அண்ணாவுக்கு,

உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டுப் பேனாவைத் தூக்கி எறிந்தேன்.

நாலு மாதமாக நான் என்ன செய்துகொண்டிருக்கிறேன் தெரியுமா? ஒரு போல்ட்டைச் சிறிதாக்கினால் ஏழு கிராம். ஒரு பட்டையைக் குட்டையாக்கினால் பன்னிரண்டு கிராம். வேலை முடிந்து வந்து, சாப்பாட்டை எடுத்து வைத்துக்கொண்டு, கிராம் கிராமாகச் சுரண்டிக்கொண்டிருக்கிறேன். நீங்கள் ஒரே வரியில் பட்டன் வை என்கிறீர்கள். பட்டன் என்றால் மோட்டார், பேட்டரி, ஒயர். ஒரு கிலோவுக்கு மேல் ஏறிவிடும். பதினைந்து கேட்டதும் நீங்கள்தான், ஒரு கிலோவைத் திரும்ப ஏற்றச் சொல்வதும் நீங்கள்தான்.

ஒரு கயிற்றை இழுக்க என்ன கஷ்டம்? டீசல் ஜெனரேட்டரையே ஒரே இழுப்பில் கிளப்புவீர்களே.

எழுபத்திரண்டு எப்படி அறுபத்து மூன்று ஆயிற்று? பறப்பதற்காகப் பட்டினி கிடக்கிறீர்களா? அண்ணியைக் கேட்டால், "அவிங்க சரியாச் சாப்பிடறதில்லீங் அம்மிணி" என்று சொல்லிவிட்டுப் பேச்சை மாற்றுகிறார்கள்.

மதுமதி


புதுச்சத்திரம்
30 ஜூலை 2023

அம்மிணி,

பட்டன் வேண்டும். எடை ஏறினால் ஏறட்டும்.

கையில் பிடிக்கும் ஆக்ஸிலேட்டரில் ஸ்பிரிங் கெட்டியாக இருக்கிறது. நாலு விரலால் அமுக்குவதை விட்டுக் கட்டை விரல் ஒன்றால் தள்ளுகிற மாதிரி வை. நெஞ்சுப் பட்டையின் கொக்கியும் மாற்ற வேண்டும். அது தானாகப் போய் ஒட்டிக்கொள்கிற மாதிரி. காந்தம் வைத்தது இருக்கிறதாமே.

கையெழுத்து மோசமாக இருக்கும். மேஜை ஆடுகிறது.

தனபால்


ஓசூர்
13 ஆகஸ்ட் 2023

அண்ணாவுக்கு,

நீங்கள் கேட்டதையெல்லாம் வரைந்து முடித்துவிட்டேன். வழக்கமாக வரைபடத்தின் ஓரத்தில் ஓட்டுகிறவரின் உருவத்தைக் கோட்டில் போடுவேன், அளவு தெரிவதற்காக. இந்த முறை அந்த ஆளைப் போடும்போதுதான் கை நின்றுவிட்டது.

இந்த மிஷினை மாட்டுகிற ஆளால் பதினைந்து கிலோவுக்கு மேல் சுமக்க முடியாது. அவர் ஓடும்போது இரண்டு பேர் பிடித்துக்கொள்ள வேண்டும். நின்று இறங்க முடியாது, உட்கார்ந்துதான் இறங்குவார். கயிற்றை இழுக்க முடியாது. நாலு விரலையும் மடக்க முடியாது. நெஞ்சில் ஒரு கொக்கியை மாட்ட முடியாது. ஆறு மாதத்தில் ஒன்பது கிலோ இளைத்திருக்கிறார். போனில் பேசுவதில்லை.

நான் யாரை வரைந்திருக்கிறேன் அண்ணா?

மேஜை ஆடுகிறது என்று எழுதாதீர்கள். அந்த மேஜை நம் பட்டறையில் செய்தது. லாரி ஏறினாலும் ஆடாது.

மது


புதுச்சத்திரம்
22 ஆகஸ்ட் 2023

அம்மிணி,

ஏரியில் கல் தடுக்கவில்லை. இடது பாதத்தின் நுனி தூக்கவில்லை. அன்றைக்கு எனக்கே அது புரியவில்லை, மிஷினைத்தான் குறை சொன்னேன்.

மார்ச்சில் கோயம்புத்தூரில் பார்த்தோம். கையிலும் காலிலும் ஊசி ஒயர் குத்தி, ஸ்கேன் எடுத்து, ரத்தம் எடுத்து, ஒரு வாரம் வைத்திருந்தார்கள். டாக்டர் நல்ல மனுஷன். என்னை உட்கார வைத்து நேராகவே சொன்னார். தசைக்கு உத்தரவு கொடுக்கிற நரம்புகள் ஒவ்வொன்றாகச் செத்துக்கொண்டு வருகின்றன. கால், கை, நாக்கு, கடைசியில் மூச்சு. அறிவுக்கு ஒன்றும் ஆகாது, எல்லாம் தெரியும். நிறுத்துவதற்கு மருந்து கிடையாது. ஒரு மாத்திரை இருக்கிறது, சில மாதம் தள்ளிப்போடுமாம். எத்தனை நாள் என்று நான் கேட்கவில்லை. வெளியே வந்து உன் அண்ணி கேட்டிருக்கிறாள். அவள் என்னிடம் சொல்லவில்லை. நானும் கேட்டுக்கொள்ளவில்லை.

நாக்கு இப்போது தடிக்க ஆரம்பித்திருக்கிறது. அதனால்தான் போன் எடுப்பதில்லை. சந்தையில் ஒருவர், "என்ன தனபாலு, காலைலயே ஊத்தியாச்சாட்டம் இருக்குது" என்று கேட்டார். குடிக்கவில்லை என்று சொல்ல வாயெடுத்தேன். அதுவும் குடித்தவன் மாதிரிதான் வந்தது.

உன்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்பாய். சொன்னால் எனக்காக வரைவாய். சொல்லாவிட்டால் மிஷினுக்காக வரைவாய். மிஷினுக்காக வரைந்தால்தான் உன் கணக்கு ஒழுங்காக இருக்கும் என்று நினைத்தேன். அது சரியாகத்தான் நடந்துகொண்டிருந்தது, நீ அந்த ஆளின் படத்தைப் போடும் வரை.

கால் இருக்கும்போது இன்னொரு தரம் போய்விட்டு வர வேண்டும். அவ்வளவுதான் ஆசை. தீபாவளிக்குள் முடியுமா?

நீ வா. ஆனால் வந்து அழக் கூடாது. உன் அண்ணி உன்னைப் பார்த்துத்தான் தெம்பாக இருப்பதாகச் சொல்கிறாள்.

தனபால்


ஓசூர்
8 அக்டோபர் 2023

அண்ணாவுக்கு,

நீங்கள் சொன்னபடி ஊரில் இருந்த மூன்று நாளும் அழவில்லை. திரும்பி வரும்போது தொப்பூர் கணவாயில் பஸ் நின்றுவிட்டது. அங்கே இறங்கி ஓரமாக நின்று அழுதுவிட்டு ஏறினேன்.

வாசல்படி ஏற நீங்கள் கதவைப் பிடித்ததைப் பார்த்தேன். நான் பார்க்கவில்லை என்று நினைத்துக்கொண்டீர்கள். அதற்கு முந்தின நாள் உங்கள் கையைப் பிடித்துப் பார்த்தேனே, ஆக்ஸிலேட்டருக்கு அளவெடுக்க என்று சொல்லி. அது அளவெடுக்க இல்லை.

இங்கே ஆபீஸ் முடிந்ததும் ஒவ்வொரு நாளும் இணையத்தில் தேடுகிறேன். எந்த நாட்டிலாவது எதையாவது கண்டுபிடித்திருக்க மாட்டார்களா என்று. எல்லாரும் கடைசியில் ஒரே வாக்கியத்தைத்தான் எழுதுகிறார்கள். பிறகு மூடிவிட்டு வரைபடத்தைத் திறக்கிறேன். அங்கே மட்டும்தான் என்னால் ஏதாவது குறைக்க முடிகிறது.

பதினாலு கிலோ நானூறு வந்திருக்கிறது, பட்டன், பேட்டரி எல்லாம் சேர்த்து. அதை வைத்துக்கொண்டு இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். உங்கள் கால் எந்த வேகத்தில் போகிறது என்று எனக்குத் தெரியும் இப்போது. எத்தனை கிலோ குறைத்தாலும் அந்தக் காலுக்கு அது அதிகம்தான்.

அதனால் வேறு மாதிரி யோசித்தேன். ஓட வேண்டாம். மூன்று சக்கரம் வைத்த ஒரு சின்ன வண்டி, அதில் நீங்கள் உட்கார்ந்துகொள்வது, பின்னால் இன்ஜின். தரையில் உருண்டு அப்படியே மேலே ஏறும். வெளிநாட்டில் கால் இல்லாதவர்கள் அப்படித்தான் பறக்கிறார்கள். சக்கரம் வைத்துவிட்டால் எடை ஒரு பொருட்டே இல்லை அண்ணா. இருபது கிலோவானாலும் முப்பதானாலும் சக்கரம் சுமக்கும். எட்டு மாதம் கிராம் கிராமாகக் குறைத்ததற்கு ஒரு அர்த்தமும் இல்லை என்று ஆகிவிடுகிறது. பரவாயில்லை. முதலிலேயே என்னிடம் சொல்லியிருந்தால் முதலிலேயே சக்கரம் வைத்திருப்பேன். இதைக் கோபமாக எழுதவில்லை. ஆனால் எழுதாமலும் இருக்க முடியவில்லை.

படம் இணைத்திருக்கிறேன். செல்லமுத்து அண்ணனுக்கு ஒரு வார வேலை.

மது


புதுச்சத்திரம்
19 நவம்பர் 2023

அம்மிணி,

கையெழுத்து உன் அண்ணியுடையது. சொல்வது நான். ஒரு வார்த்தையை மூன்று தரம் சொல்ல வேண்டியிருக்கிறது, அதனால் சுருக்கமாகச் சொல்கிறேன்.

வண்டி நன்றாக வந்திருக்கிறது. செல்லமுத்து லாரிக்குப் பூசுகிற நீலத்தையே அடித்திருக்கிறான். போன மாதம் கடைசி ஞாயிறு என்னைத் தூக்கி உட்கார வைத்து ஏரிக்குள் உருட்டினார்கள். உருளும்போது சந்தோஷமாகத்தான் இருந்தது.

இறக்கையின் கயிறுகளைக் கையில் கொடுத்தார்கள். இடப்பக்கம் திருப்ப இடது கயிற்றை இழுக்க வேண்டும். இழுத்தேன். தோள் வரைக்கும் கை வந்தது, அதற்குக் கீழே வரவில்லை. மறுபடி இழுத்தேன். செல்லமுத்து வேறு பக்கம் பார்த்துக்கொண்டு, "காத்து செரியில்லீங்ணா, இன்னொரு நாளைக்குப் பாத்துக்கலாம்" என்றான். காற்று நன்றாகத்தான் இருந்தது.

எனக்குப் பறக்கக் கற்றுக்கொடுத்தவரிடம் சாரதாமணி பேசினாள். இரண்டு பேர் உட்காருகிற வண்டியில் அவர் ஓட்ட, நான் உட்கார்ந்து வரலாம் என்றாராம். நான் வேண்டாம் என்றேன். இன்னொருவன் ஓட்ட உட்கார்ந்து போவதற்கு எனக்குப் பஸ் போதும் என்று வீம்பாகச் சொன்னேன். ஒரு வாரம் கழித்து, சரி போகலாம் என்றேன். அதற்குள் இருமல் வந்து ஆஸ்பத்திரியில் படுத்தாகிவிட்டது. நெஞ்சுத் தசை பலவீனமாகிவிட்டது, மேலே போனால் மூச்சுக்குப் பொறுப்பேற்க மாட்டேன் என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

நீ ஒன்றைச் செய்து முடிப்பதற்குள் எனக்கு ஒன்று போய்விடுகிறது. உன் மேல் தப்பில்லை. யார் மேலும் இல்லை.

பதினாலு கிலோ மிஷினை முடித்துவிடு. நான் மாட்டாவிட்டாலும் அதைப் பார்க்க வேண்டும்.

தனபால்


ஓசூர்
21 ஜனவரி 2024

அண்ணாவுக்கு,

முடிந்துவிட்டது. பதினாலு கிலோ நூறு. தராசில் வைத்து நானே மூன்று தடவை பார்த்தேன். வெல்டு வைத்துக் கொடுத்த கம்பெனி ஆட்கள் எல்லாரும் வந்து ஒற்றைக் கையால் தூக்கிப் பார்த்தார்கள். ஒருவர், "இதை மாட்டப்போகிறவர் கொடுத்து வைத்தவர்" என்றார்.

வளையத்தை மெலிதாக்கவில்லை.

நான்கு நாள் லீவு போட்டிருக்கிறேன். மிஷினோடு நானே வருகிறேன், லாரியில் அனுப்பப் பயமாக இருக்கிறது. பறக்கவிடுவதற்கு முன்னால் ஓட்டுகிறவரை மிஷினோடு மேலிருந்து தொங்கவிட்டு, எவ்வளவு சாய்கிறார் என்று பார்ப்பது எங்கள் வழக்கம். சாய்வு சரியாக இருந்தால்தான் வரைந்தது சரி. அதை உங்களை வைத்துத்தான் பார்க்க வேண்டும், ஏனென்றால் இது உங்கள் உடம்புக்கு வரைந்தது. பட்டறை வாசலில் லாரி சேஸிஸைத் தூக்குகிற சங்கிலி இருக்கிறதே, அதில் தொங்கவிடலாம். டாக்டரிடம் கேட்டுவிட்டேன். தரையில்தானே, கொஞ்ச நேரம் என்றால் செய்யுங்கள் என்றார். அண்ணிக்கு மனதில்லை. ஆனால் சரியென்று சொல்லிவிட்டார்கள்.

இவ்வளவுதான் என்னால் முடிகிறது.

மது


புதுச்சத்திரம்
18 பிப்ரவரி 2024

அம்மிணி,

வலது கையில் ஒரு விரல் இன்னும் கேட்கிறது. அந்த விரலால் போனில் ஒவ்வொரு எழுத்தாகத் தட்டி, அதைப் பார்த்து உன் அண்ணி காகிதத்தில் எழுதுகிறாள். போனிலேயே அனுப்பிவிடலாமே என்றாள். வேண்டாம் என்றேன். நாமிருவரும் காகிதத்திலேயே பேசிப் பழகிவிட்டோம். இதை எழுத ஒரு வாரம் ஆயிற்று.

பட்டறையில் நடந்ததைப் பற்றிச் சொல்ல வேண்டும். நீ ஊருக்குப் போகும்போது என் முகத்தையே பார்க்கவில்லை. என்னைச் சித்திரவதை செய்துவிட்டதாகச் சாரதாமணியிடம் சொன்னாயாம்.

நான் சொல்கிறேன், கேள்.

சீட்டில் வைத்துப் பட்டை மாட்டினாய். காந்தக் கொக்கி தானாகப் போய் ஒட்டியது. செல்லமுத்து சங்கிலியை இழுத்தான். பாதம் தரையை விட்டு ஒரு சாண் மேலே போயிற்று. தலை தொங்காமல் இருக்கக் கழுத்துக்குத் துண்டைச் சுருட்டி வைத்தாய். முன்னால் போய்விடாமல் இருக்கப் பின்னாலிருந்த லாரி சேஸிஸில் கயிறு கட்டினாய். நீ கீழே குனிந்து சாய்வை அளந்தாய். சரியாக இருக்கிறது என்று யாரிடமோ சொன்னாய்.

பிறகு பட்டனை அமுக்கினாய்.

முதுகில் அது உயிரோடு வந்தது. மெதுவாக என்னைத் தள்ளியது. கயிறு இறுகிற்று, நான் முன்னால் போய் அப்படியே நின்றேன். காற்று பின்பக்கமாகப் போய்ப் பட்டறைத் தூசியெல்லாம் எழும்பியது. சில மாதமாக என்னை எல்லாரும் தூக்குகிறார்கள், பிடிக்கிறார்கள், நகர்த்துகிறார்கள். முதல் தடவையாக என்னை ஒன்று தள்ளியது. மேலே போகும் முன்னால் ஓடுவேனே, அந்தக் கடைசி எட்டில் எப்படி இருக்குமோ அப்படியே இருந்தது. கால் உதறிற்று என்று நினைக்கிறேன். உதறவில்லை என்று செல்லமுத்து சொல்கிறான்.

அப்போது வாயைத் திறந்து கத்தினேன். நீ பயந்துபோய் இன்ஜினை நிறுத்தினாய். "எறக்குங்க, எறக்குங்க, அண்ணனுக்கு முடியல" என்று அலறினாய். சங்கிலியை விட்டார்கள். நாற்காலியில் உட்கார வைத்து என் கண்ணைத் துடைத்தாய். கண்ணில் தண்ணீர் வந்தது நிஜம்தான்.

நான் சொன்னது, "எறக்காத சாமி."

உன் காதில் எறக்கு என்று விழுந்திருக்கிறது. பின்பாதி என் நாக்கில் வரவில்லை. நாற்காலியில் வைத்து மறுபடி சொல்லிப் பார்த்தேன். நீ, "ஒண்ணுமில்லீங்ணா, எறக்கியாச்சு, எறக்கியாச்சு" என்று என் தலையைத் தடவிக்கொண்டே இருந்தாய்.

அதைச் சொல்லத்தான் இந்த ஒரு வாரம்.

தனபால்


ஓசூர்
21 பிப்ரவரி 2024

அண்ணாவுக்கு,

ஆபீஸில் நின்றுகொண்டே படித்தேன். பிறகு உட்கார முடியவில்லை, வெளியே வந்துவிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை வருகிறேன். அண்ணியிடம் பேசிவிட்டேன். டாக்டரிடமும் பேசினேன், அவர், நான் என்ன சொல்ல, அவருக்குப் பிடித்ததைச் செய்யுங்கள் என்றார். ராத்திரியில் உங்களுக்கு மாட்டுகிற மூச்சு மிஷினைப் பக்கத்திலேயே வைத்துக்கொள்வோம்.

செல்லமுத்து அண்ணனைப் பட்டறை வாசலில் இருக்கும் பழைய லாரி கேபினை நகர்த்தச் சொல்லியிருக்கிறேன். அது உங்களுக்கு நேர் எதிரே நின்றுகொண்டிருந்தது. அதை எடுத்துவிட்டால் ரோடு வரைக்கும், ரோட்டைத் தாண்டிக் காடு வரைக்கும் தெரியும். பெட்ரோலுக்குப் பெரிய கேன் ஒன்றைக் கீழே வைத்துக் குழாய் போட்டுவிடுகிறேன்.

இந்த முறை காதில் விழுவதை நான் நம்ப மாட்டேன். உங்கள் கண்ணுக்கு எதிரே ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருப்பேன். இறக்க வேண்டுமென்றால் கண்ணை மூடி, நான் கை தட்டும் வரை திறக்காமல் இருங்கள். அது வரைக்கும் நீங்கள் என்ன கத்தினாலும், எவ்வளவு கண்ணீர் வந்தாலும், சங்கிலியில் யாரையும் கை வைக்கவிட மாட்டேன்.

இதற்குமேல் என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை அண்ணா. கேன் நிறைய ஊற்றி வைக்கிறேன். பெட்ரோல் தீர்ந்து அதுவாக நிற்கட்டும்.

மது